காலத்தைக் கட்டும் மந்திரம்

மட்டக்களப்புக்குப் போகிறவனைப் பாயோடு ஒட்டவைத்துவிடுவார்கள் என்று வடபுலத்தில் ஒரு பேச்சு நெடுங்காலமாக வழங்கி வருகிறது. நெல் வாங்க வந்தவன், உத்தியோகம் பார்க்க வந்தவன், ஒரு மாதத்தில் திரும்பிவிடுவேன் என்று தாயிடம் சொல்லி வந்தவன், இவர்களுள் ஒருவனாவது சொன்ன தவணையில் ஊர் திரும்பியதில்லையாம். இதற்கெல்லாம் மந்திரம் என்ற ஒரே சொல்லிற் காரணங் காட்டி முடித்துவிட்டார்கள். மட்டக்களப்பார் இந்தப் பழியை வன்மையாக மறுத்ததாகவும் தெரியவில்லை. பிறர் நம்மைக் கண்டு சிறிது அஞ்சுகிறார்கள் என்பதில் ஓர் இன்பம் இருக்கிறதன்றோ?

பாய் எவ்வாறு ஒட்டிற்று என்று ஆராயப் புகுந்தால் அதில் மறைபொருள் ஒன்றுமில்லை. இங்கே குடிவழி தாய்வழியாகச் செல்வது. வீடும் வளவும் பெண்மக்களைச் சேர்வன. மணம் முடித்த ஆடவன் மனைவியின் வீட்டுக்கு வந்து வாழ்வதே பழைய வழக்கம். வந்தவனுக்கு வீடு இருக்கிறது, வயல் இருக்கிறது, வாவியில் மீன் இருக்கிறது, சட்டியில் எருமைத் தயிர் இருக்கிறது, படுக்கப் பன்பாயும் இருக்கிறது. எழுந்து போவதற்குத்தான் காரணம் இல்லை.

ஆயினும் அந்தப் பேச்சில் ஒரு நுட்பம் உண்டு. மந்திரவாதி பொருளைப் பறித்தான், உயிரைப் பறித்தான் என்று பிற நாட்டார் கதை சொல்வர். மட்டக்களப்பான் மீது சுமத்தப்பட்ட குற்றமோ காலத்தைப் பற்றியது. ஒரு மாதத்தை ஓர் ஆயுளாக நீட்டிவிட்டான் என்பதே முறையீடு. நகரவேண்டியதை நகராமல் நிறுத்தும் இத்தொழிலை மந்திர நூலார் தம்பனம் என்பர்.

இப்பொருளை எழுதத் தூண்டியது உயர்தர வகுப்பு மாணவி ஒருத்தியின் வினா. ரௌலிங் என்னும் ஆங்கில நூலாசிரியர் எழுதிய ஹாரி பாட்டர் கதைகளை அவள் தமிழ் நூல்களினும் கருத்தாகப் படித்தவள். அவற்றுள் 1999 ஆம் ஆண்டில் வெளிவந்த மூன்றாம் நூலில், மந்திரப் பள்ளியிற் பயிலும் ஒரு பெண்ணுக்குக் கழுத்திலே அணியும் சிறு மணற்கடிகாரம் ஒன்று கொடுக்கப்படுகிறது. அதைத் திருப்பினால் நேரம் பின்னோக்கிச் செல்லும். அப்பெண் அதனை எதற்குப் பயன்படுத்துகிறாள்? ஒரே பாடவேளையில் நடக்கும் இரண்டு மூன்று வகுப்புக்களுக்கும் சமுகமளிப்பதற்கு! நேர அட்டவணை வகுக்கும் பிரதி அதிபர்கள் கண்டால் மகிழ்ந்துபோவார்கள். "சேர், நம்மட கதைகளில இப்படி நேரத்தை மாத்தப் படிப்பிக்கிற பள்ளிக்கூடம் இருக்கா?" என்பது மாணவியின் கேள்வி. விளையாட்டாகக் கேட்டாலும் விடை எளிதன்று.

முதலில் மந்திரத்தைப் பார்ப்போம். வசியம், மோகனம், தம்பனம், உச்சாடனம், ஆகருடணம், பேதனம், வித்துவேடணம், மாரணம் என்று மந்திரத் தொழிலை எட்டாக வகுத்தனர். அட்ட கருமம் என்பது இதுவே. பகைவனின் படைக்கலம், நாவு, நடை, நெருப்பு, நீர் ஆகியவற்றை நிறுத்துவதற்கெல்லாம் தம்பனத்தில் இடமுண்டு. பொழுதை நிறுத்துவதற்கு இந்த எட்டில் எதிலும் தனியிடம் வகுக்கப்படவில்லை. மாறாக, மந்திரம் முழுவதுமே பொழுதுக்கு அடங்கிக் கிடக்கிறது. இன்ன திதி, இன்ன வாரம், இன்ன ஓரை என்று பார்த்தே தொடங்கவேண்டும். கிரகண வேளையில் இடுப்பளவு நீரில் நின்று உருவேற்றினால் மந்திரம் சித்திக்கும் என்பது எங்கும் உள்ள நம்பிக்கை. அந்த வேளை தப்பினால் அதே சொற்கள் வெறுஞ் சொற்களே. பேயையும் பாம்பையும் ஏவல் கொள்ளும் மந்திரவாதி பஞ்சாங்கத்தின் முன் கைகட்டி நிற்கிறான். அந்தப் பஞ்சாங்கத்திலும் வாக்கியம் என்றும் திருக்கணிதம் என்றும் இரண்டு உண்டு. ஒரே சித்திரைப் புத்தாண்டு இரண்டிலும் இரு வேறு வேளைகளிற் பிறக்கும். எந்த வேளைக்கு மருத்துநீர் வைப்பது என்று வீட்டுப் பெரியவர்கள் ஆண்டுதோறும் வழக்காடுவதைக் கேட்டு வளர்ந்தவர்கள் நாம்.

சித்தர் நெறி இதனின் வேறானது. கதைப் பள்ளிக்கு உண்மையில் மிக நெருங்கி வருவது இதுவே எனலாம். திருமூலர் மூவாயிரம் ஆண்டு யோகத்தமர்ந்து, ஆண்டுக்கு ஒரு பாடலாக மூவாயிரம் பாடினார் என்பது சேக்கிழார் கூறும் வரலாறு. திருமந்திரத்தின் மூன்றாந் தந்திரத்தைத் திறந்தால் காயசித்தி உபாயம், கால சக்கரம், ஆயுள் பரீட்சை என்ற தலைப்புக்களைக் காணலாம். பாடத்திட்டம் போலவே இருக்கிறது. இப்பாடத்தின் அடிப்படை ஒரு கணக்கு. மனிதன் ஒரு நாளில் விடும் மூச்சு 21,600 என்று யோக நூலார் கொள்வர். ஒரு நாளைக்கு நாழிகை 60. ஆகவே நாழிகைக்கு மூச்சு 360. நாழிகை என்பது நம் கடிகாரத்தில் 24 நிமிடம். எனவே நிமிடத்துக்கு 15 மூச்சு. இன்றைய மருத்துவர் அமைதியாக இருப்பவனுடைய மூச்சை எண்ணினாலும் நிமிடத்துக்கு 12 முதல் 20 வரை என்பர். பழைய கணக்கு நடுவிலேதான் நிற்கிறது.

கணக்கிலிருந்து சித்தர் பெற்ற முடிபு துணிச்சலானது. வாழ்நாள் ஆண்டுகளால் அளந்து தரப்பட்டதன்று. மூச்சுக்களால் அளந்து தரப்பட்டது. நாணயத்தை எண்ணிக் கையிற் கொடுத்துவிட்டார்கள். விரைந்து செலவிடுபவன் விரைவில் வறியவன் ஆவான். மெல்லச் செலவிடுபவனுக்குப் பை நெடுநாள் வரும். ஆகவே மூச்சை அடக்கினால் ஆயுள் நீளும். மருத்துவ முறையில் இது மெய்யாகுமா என்பதைத் தீர்க்கும் தகுதி தமிழாசிரியனுக்கு இல்லை. எனக்கு வியப்பளிப்பது வேறொன்று. வெல்ஸ் என்னும் ஆங்கிலேயர் 1895 இல் எழுதிய கதையிற் காலத்திற் பயணஞ் செய்ய ஓர் யந்திரம் வேண்டியிருந்தது. சித்தருக்கு மூக்கே போதுமானதாக இருந்தது. அவர்கள் காலத்தை வெளியே உள்ள ஆறாகக் கருதவில்லை. உடம்பினுள்ளே சொட்டுச் சொட்டாக இறங்கும் நாழிகை வட்டிலாகக் கருதினார்கள். முல்லைப்பாட்டிலே பாசறையிற் கன்னல் நீரைப் பார்த்து வேந்தனுக்குப் பொழுது அறிவிப்போர் வருகின்றனர். சித்தர் நெறியில் அறிவிப்பவனும் கன்னலும் வேந்தனும் ஒருவனே.

ஆனால் இங்கும் சித்தன் பொழுதை மாற்றுவதில்லை, தன்னை மாற்றிக்கொள்கிறான். சூரியன் அவனுக்காக நிற்பதில்லை. சூரியனையே நிறுத்தியவர் யார் என்று பார்த்தால், புராணம் நளாயினியைக் காட்டுகிறது. நோயுற்ற கணவனைக் கூடையிற் சுமந்து இருளிற் செல்கிறாள். கழுவில் இருந்த மாண்டவிய முனிவர் மேற் கூடை இடிக்கிறது. பொழுது விடிந்தால் இவள் கணவன் இறக்கட்டும் என்று முனிவர் சபிக்கிறார். அங்ஙனமாயின் பொழுது விடியாதிருக்கட்டும் என்கிறாள் இவள். விடியவில்லை. பாரதப் போரிலோ கண்ணன் தன் சக்கரத்தால் ஞாயிற்றை மறைத்துப் பகலை மாலையாக்குகிறான். பொழுது சாய்ந்தது என்று வெளியே வந்த சயத்திரதன் மடிகிறான். திருக்கடவூரிலே அபிராமிப் பட்டர் அமாவாசையைப் பௌர்ணமி என்று சொல்லிவிட்டார். அந்தச் சொல்லைக் காக்க அம்மை நிலவை வருவித்தாள் என்பர். இவர்களுள் ஒருவரும் எந்தப் பள்ளியிலும் இதைப் பயின்றவர் அல்லர். ஒருத்தி மனைவி, ஒருவன் கடவுள், ஒருவர் பித்தர் என்று பெயரெடுத்த அடியார். நம் மரபிலே காலத்தை மாற்றும் ஆற்றல் கற்பித்து வருவதன்று. வேறு வழியே இல்லாத இடத்தில், ஒருவரின் வாயிலிருந்து வருவது. மேனாட்டுக் கதைக்கும் நம் கதைக்கும் வேற்றுமை இங்கேதான் என்று கருதுகிறேன்.

பள்ளிக்கூடமும் பயிற்சியும் இன்றி, ஆனால் அச்சிட்ட அறிவித்தலோடு, காலத்தை மாற்றும் இன்னொரு மந்திரவாதியும் உண்டு. அதுதான் அரசாங்கம். ஆங்கிலேயர் தம் நாட்காட்டியைத் திருத்தியபோது 1752 செப்டெம்பர் 2 ஆந் தேதிக்கு மறுநாள் 14 ஆந் தேதி என்றார்கள். இடையில் உள்ள பதினொரு நாளும் ஒரு சட்டத்தில் மறைந்தன. இலங்கை முழுமைக்கும் 1906 இல் கிரீன்விச்சுக்கு ஐந்தரை மணி முந்திய நேரம் வகுக்கப்பட்டது. உலகப் போர்க் காலத்தில், 1942 ஆம் ஆண்டிலேயே இரு தடவை அரை அரை மணியாகக் கடிகாரத்தை முன்தள்ளினார்கள். 1945 ஒக்டோபரிற் பழைய இடத்துக்குக் கொண்டுவந்தார்கள். 1966 முதல் 1971 வரை சனியும் ஞாயிறும் விடுமுறை என்ற உரிமையை இழந்தன. சந்திரனின் கலையைப் பார்த்துப் போயா நாளும் அதற்கு முந்திய நாளும் விடுமுறையாயின. சந்திரன் ஏழு நாட் கணக்கை மதிப்பவன் அல்லன். ஆகவே வாரம் சில வேளை எட்டு நாள் ஆயிற்று. வெள்ளிக்கிழமையன்று அடுத்த விடுமுறை என்று என விரல் விட்டு எண்ணிய கதையை எங்கள் ஆசிரியர்கள் சொல்லக் கேட்டிருக்கிறோம்.

இவையெல்லாம் நாடு முழுவதுக்கும் ஒன்றாக நடந்தவை. மட்டக்களப்பில் நடந்த அதிசயம் தனியானது.

வாவியின் கீழ்ப்புறக் கரை எழுவான்கரை. மேற்புறக் கரை படுவான்கரை. ஞாயிறு எழும் பக்கம் ஒன்று, படும் பக்கம் மற்றொன்று. ஏறத்தாழ 56 கிலோமீற்றர் நீண்டு கிடக்கும் இந்நீரின் இருபுறத்தையும் நம் முன்னோர் திசையாற் பெயரிடவில்லை, பொழுதாற் பெயரிட்டனர். முதற்பொருள் எனப்படுவது நிலமும் பொழுதும் எனத் தொல்காப்பியர் வகுத்ததற்கு இதைக் காட்டிலும் பொருத்தமான உதாரணத்தை ஈழநாட்டில் யான் கண்டதில்லை. நிலத்துக்குப் பொழுதே பெயராயிற்று.

1996 மே 25 ஆந் தேதி, மின்சாரத் தட்டுப்பாட்டை முன்னிட்டு, அரசு கடிகாரத்தை ஒரு மணி முன்தள்ளியது. அவ்வாண்டு ஒக்டோபரில் அரை மணியைத் திருப்பிக் கொடுத்தது. எஞ்சிய அரை மணி 2006 ஏப்பிரல் வரை, ஏறத்தாழப் பத்தாண்டு, அரசின் கையிலேயே இருந்தது. விடுதலைப் புலிகள் தம் கட்டுப்பாட்டுப் பகுதிகளில் இந்த மாற்றத்தை ஏற்கவில்லை. படுவான்கரையின் பெரும்பகுதி அக்காலத்தில் அவர்கள் கையில் இருந்தது. எழுவான்கரை அரசின் கையில் இருந்தது. ஆகவே வாவியின் ஒரு கரையிற் புதிய நேரம். மறு கரையிற் பழைய நேரம். பொழுதாற் பெயர் பெற்ற இரு கரைகளும் பொழுதாலேயே பிரிந்தன.

மண்முனைத்துறையிலும் குருமண்வெளியிலும் நாம் பாதை என்று சொல்லும் மிதவையில் ஏறி அக்கரை சென்று கற்பித்த ஆசிரியர்கள் பலர். யானும் சில ஆண்டு அவ்வாறு சென்றேன். எழுவான்கரையில் ஏழு மணிக்கு ஏறுவோம். கடப்பதற்குக் கால் மணி நேரம் என்று வையுங்கள். படுவான்கரையில் இறங்கும்போது அங்கே மணி ஆறே முக்கால்! புறப்படுமுன்னரே போய்ச் சேர்ந்துவிட்டோம். வெல்ஸின் யந்திரம் இல்லை. கழுத்தில் மணற்கடிகாரம் இல்லை. நனைந்த பலகையும் மீன் கூடையும் துவிச்சக்கர வண்டிகளும்தான். மாலையில் அதற்கு வட்டி சேர்த்துக் கட்டவேண்டும். இரண்டு மணிக்கு ஏறியவன் இரண்டே முக்காலுக்கு இறங்குவான். இவற்றோடு சோதனைச் சாவடியில் நின்ற நேரத்தைச் சேர்ப்பதா இல்லையா என்பதற்கு எந்தப் பஞ்சாங்கத்திலும் விதி இல்லை.

அக்காலத்தில் நேரம் சொன்னால் "பழசா, புதுசா?" என்று கேட்காத குழந்தையும் இல்லை. ஆசிரியர்கள் இரண்டு கணக்கையும் தலையில் வைத்திருந்தார்கள். பெண் படுவான்கரை, மாப்பிள்ளை எழுவான்கரை என்றால் சுபமுகூர்த்தத்தை இரண்டு நேரத்திலும் சொல்லியனுப்ப வேண்டியிருந்தது. வாக்கியமா திருக்கணிதமா என்ற பழைய வழக்கும் தீராமல் இருந்தமையால், ஒரு தாலிக்கு நான்கு முகூர்த்தம் என்று கிண்டல் செய்வார்கள். கொக்கும் நாரையும் மாத்திரம் ஒரே நேரத்தில் அக்கரைக்கும் இக்கரைக்கும் பறந்துகொண்டிருந்தன.

சிரிக்க முடியாத இடம் பரீட்சை. பொதுப் பரீட்சைகள் அரசின் நேரத்துக்கே நடக்கும். எட்டரை மணிக்கு வினாத்தாள் என்றால் படுவான்கரைக் கடிகாரத்தில் அது எட்டு மணி. உட்கிராமங்களிலிருந்து நடந்து வரும் பிள்ளைகளுக்கு இதைப் பலமுறை சொல்லியனுப்புவோம். ஒரு மார்கழியிலே க.பொ.த. சாதாரண தரப் பரீட்சையின் முதல் நாள், ஒரு பையன் வியர்க்க விறுவிறுக்க வந்து மண்டப வாயிலில் நின்றான். அவன் வீட்டுக் கடிகாரத்தின்படி மிகச் சரியாக எட்டரைக்கு வந்திருக்கிறான். மண்டபக் கடிகாரத்தில் ஒன்பது. அரை மணிக்கு மேற் பிந்தியவரை உள்ளே விடலாகாது என்பது விதி. அவன் அந்த விதியின் விளிம்பில் நின்றான். மேற்பார்வையாளராக வந்திருந்தவர் வெளியூர்க்காரர், வயதானவர், விதியில் மிகக் கண்டிப்பானவர் என்று பெயர் பெற்றவர். தம் மணிக்கட்டைச் சிறிது நேரம் பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு கடிகாரத்தைக் கழற்றிச் சட்டைப்பைக்குள் வைத்துக்கொண்டு, "போய் இரு" என்றார். தம்பனம் என்ற தொழிலை நேரில் ஒருமுறை கண்டேன் என்று சொல்வதற்கு எனக்கு அந்த ஒரு சான்று உண்டு.

2006 ஏப்பிரல் 15 இல் அரசு ஐந்தரை மணிக் கணக்குக்குத் திரும்பியது. இரண்டு கரையும் மீண்டும் ஒரே நேரம் ஆயின. அடுத்த ஆண்டிற் படுவான்கரை முழுவதும் அரசின் கைக்கு வந்தது. 2014 இல் மண்முனைத்துறையிற் பாலம் திறக்கப்பட்டது. இன்று அப்பாலத்தின் மேல் உந்துருளியிற் பறக்கும் இளைஞர்களிடம், இந்த நீரின் நடுவில் ஒரு காலத்தில் அரை மணி நேரம் மிதந்துகொண்டிருந்தது என்றால் நம்பமாட்டார்கள்.

காலத்தை நீட்டவும் சுருக்கவும் முறைப்படி கற்பிக்கும் பள்ளி ஒன்று மட்டக்களப்பில் இருந்தே இருக்கிறது. அண்ணாவியாரின் களரியைத்தான் சொல்கிறேன். வடமோடியோ தென்மோடியோ, கூத்து இரவு தொடங்கி விடியும் வரை நடக்கும். அரசன் வரவுக்கு அரை மணி. அவன் காடு கடந்து நாடு சேர்வதற்குக் களரியை ஒரு சுற்று. பன்னிரண்டு ஆண்டு வனவாசம் நான்கு தாளக்கட்டிற் கழியும். ஓர் அம்பு வில்லை விட்டுச் செல்ல நாலு பாட்டு வேண்டும். மத்தளத்தின் வேகம் எதுவோ அதுவே அங்கே காலம். 1960களிற் பேராசிரியர் சு. வித்தியானந்தன் பேராதனைப் பல்கலைக்கழக மாணவரைக் கொண்டு 'கர்ணன் போர்' முதலிய கூத்துக்களை மேடையேற்றியபோது, விடிய விடிய ஆடியதை நகர மேடைக்கேற்பச் சுருக்கினார். கூத்து உலகறிந்தது அதனாலேதான். என்றாலும் பாண்டிருப்புத் திரௌபதை அம்மன் கோயிலிலே பாரதக் கதையைப் பதினெட்டு நாள் விழாவாக நிகழ்த்தி, இறுதியில் தீயில் இறங்குகிறவர்களுக்கு அந்தச் சுருக்கம் போதாது. நாளும் இரவும் குறைவின்றிச் செலவானால்தான் தீ குளிரும் என்பது அவர்களின் துணிபு.

காரைதீவு தந்த விபுலாநந்த அடிகளையும் இவ்வரிசையிற் சேர்க்க விரும்புகிறேன். வழக்கொழிந்து பல நூற்றாண்டு கடந்த யாழைச் சிலப்பதிகார அரங்கேற்று காதையிலிருந்தும் கணிதத்திலிருந்தும் மீட்டுத் தந்தவர் அவர். 1947 யூன் மாதத்திலே திருக்கொள்ளம்பூதூரில் யாழ்நூல் அரங்கேறியது. யூலை 19 இல் அடிகள் மறைந்தார். இறந்துபட்ட ஓசையைத் திருப்பி அழைப்பதற்குக் கிடைத்த கால அளவு அவ்வளவுதான்.

இனி என் தொழிலுக்கு வருகிறேன். மந்திரம் என்பதற்கு வரைவிலக்கணம் கூறியவர் மந்திரவாதி அல்லர்; தொல்காப்பியர். அவர் அதனைச் செய்யுளியலிலே, நிறைமொழி மாந்தரின் ஆணைமொழியாக வைத்துப் பேசுகிறார். மந்திரம் மொழியின் ஒரு வகை என்றாயிற்று. அப்படியாயின் காலத்தை மாற்றும் மந்திரத்தையும் மொழியிலேதானே தேடவேண்டும்? தேடினால், வினையியலிலும், நன்னூலின் பொதுவியலிலும் அது வெளிப்படையாகவே கிடக்கிறது. கால வழுவமைதி என்ற பெயரைக் கேட்டுக் கொட்டாவி விட்ட மாணவர் எத்தனை பேர்! மூன்று காலமும் ஒன்றன் இடத்தில் ஒன்று வரலாம் என்று இலக்கணம் உரிமை வழங்குகிறது. எப்போது? விரைவு, மிகுதி, தெளிவு, இயல்பு ஆகிய நான்கினால்.

வாவியின் நடுவில் நின்று பாதைக்காரர் "வந்திட்டன், வந்திட்டன்" என்று கூவுகிறார். இன்னும் வரவில்லை; வரப்போகிறார். விரைவு எதிர்காலத்தை இறந்தகாலம் ஆக்கிற்று. "இருட்டில அந்த வழியால தனியப் போனியோ, யானைக்குப் பட்டாய்" என்று படுவான்கரைக் கிழவர் எச்சரிக்கிறார். போனவனும் இல்லை, பட்டவனும் இல்லை. பெரும்பாலும் அப்படித்தான் நடக்கும் என்ற மிகுதி, நடவாததை நடந்ததாக்கிற்று. வடகீழ்ப்பருவக் காற்றுக் காலத்திற் கீழ்வானம் கறுத்தால் "மழை வந்தது, நெல்லை அள்ளு" என்பர். துளி விழவில்லை, ஐயமும் இல்லை. அது தெளிவு. "எங்கட சின்ன வயசில இந்தத் துறையில நிறையத் தோணி நிற்கும்" என்கிறோம். தோணியும் இல்லை, துறையும் தூர்ந்தது. எனினும் நின்றது என்னாமல் நிற்கும் என்று எதிர்கால வாய்பாட்டாற் கூறுவது இயல்பு. எழுத்தறியாதவரும் நாளொன்றுக்கு நூறு தடவை இந்த மந்திரத்தைச் செபிக்கிறார்கள். மாணவிக்கு யான் சொன்ன விடை இதுதான்: நீ நாள்தோறும் இருக்கும் வகுப்பே அந்தப் பள்ளிக்கூடம். அவள் நம்பியதாகத் தெரியவில்லை. மணற்கடிகாரம் இல்லையே என்ற குறை அவளுக்கு.

இந்த நான்கிலும் அடங்காத ஒன்று உண்டு. 1990 செப்டெம்பர் 5 ஆந் தேதி, வந்தாறுமூலையிலே கிழக்குப் பல்கலைக்கழக வளாகத்தில் அகதிகளாய்த் தங்கியிருந்தவர்களுள் 158 பேரைப் படையினர் அழைத்துச் சென்றனர். அவர்கள் திரும்பவில்லை. அது போன்ற நாட்கள் வேறும் உண்டு. பின்வந்த ஆண்டுகளில் ஆணைக்குழுக்கள் பல வந்து பெயரையும் வயதையும் எழுதிக்கொண்டு சென்றன. எழுதுகிறவருக்கு ஓர் இடர்ப்பாடு. மகனுக்குப் பத்தொன்பது வயதாக இருந்தது என்று எழுதுவதா? அது இறந்தகாலம்; தாயின் முன்னிலையில் எழுதக் கை வராது. பத்தொன்பது வயதாக இருக்கிறது என்று எழுதுவதா? அது கணக்குக்கு ஒவ்வாது. இன்று அவனுக்கு ஐம்பது கடந்திருக்கும்.

தாய்க்கு அந்த இடர்ப்பாடு இல்லை. "என்ட மகனுக்குப் பத்தொன்பது வயசு" என்கிறாள். இவ்வாக்கியத்தில் வினைமுற்று இல்லை. வயது என்னும் பெயரே பயனிலையாய் நின்று வாக்கியத்தை முடித்துவிட்டது. பெயர்ச்சொல் காலங் காட்டாது என்பது தொல்காப்பியர் முதல் எல்லா இலக்கண நூலாரும் கொண்ட முடிபு; வினையின் சார்புடைய பெயர் சிலவே அதற்குப் புறனடை. இருந்தது, இருக்கிறது, இருக்கும் என்ற மூன்றும் உள்ளே புக அங்கு வழியில்லை. சென்ற ஆண்டு கேட்டாலும் பத்தொன்பது. வரும் ஆண்டு கேட்டாலும் பத்தொன்பது.

பெயர்ப்பயனிலைக்கு உதாரணமாக இவ்வாக்கியத்தை யான் வகுப்பிற் காட்டுவதில்லை. 'இவன் கண்ணன்' என்பதையே கரும்பலகையில் எழுதுகிறேன்.